கேமரா ஓடுகிறவரைக்கும்

அந்த அக்காவை முதன்முதலாகப் பார்த்தபோது எனக்கு அவளுடைய முகம் தெரியவில்லை. முகத்துக்கு முன்னால் போன் இருந்தது. எருமப்பட்டிக்குப் பக்கத்து ஊர் ஒன்றின் அரசுப் பள்ளிக்கு மாறுதலாகி, ஆத்தூரிலிருந்து சாமான்களோடு வந்து இறங்கிய நாள் அது. பீரோவை இறக்க முடியாமல் இரண்டு பேர் திணறிக்கொண்டிருந்தார்கள். பக்கத்து வீட்டு வாசலில் நைட்டிமேல் துண்டு போட்ட ஒரு பெண் நின்று அதைப் படம் எடுத்துக்கொண்டிருந்தாள். எடுத்தபடியே பேசிக்கொண்டும் இருந்தாள்.

"இப்ப பாருங்க, பக்கத்தூட்டுக்குப் புதுசாக் குடி வந்திருக்கறாங்க. டீச்சராமா. பீரோ எறக்கறாங்க. நான் வாசல்லதான் நிக்கறனுங்க. உள்ள பாருங்க, சோறு கொதிக்குது."

எனக்கு எரிச்சலாக வந்தது. "எங்களை எதுக்குங்க எடுக்கிறீங்க?" என்று கேட்டேன்.

போனை இறக்கினாள். நாற்பதைத் தாண்டிய, ஒடிசலான முகம். "தப்பா நெனைக்காதீங்க டீச்சர். எங்கூட்டுக்காரருக்கு அனுப்பறதுக்குத்தானுங்க. வெளியூர்ல இருக்கறாரு" என்றாள். சற்று நேரத்தில் எங்கள் எல்லோருக்கும் மோர் கொண்டுவந்து கொடுத்தாள். கொடுப்பதையும் எடுத்தாள்.

அவளுடைய பெயரை நான் எழுதப் போவதில்லை. தெருவில் யாரும் அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டதுமில்லை. வீடியோ அக்கா என்றால்தான் தெரியும். ஒரே சுவரின் இரண்டு பக்கமும் நாங்கள் பல வருடங்கள் குடியிருந்தோம். என் கணவருக்கு ஆத்தூரில் வேலை, சனி ஞாயிறில்தான் வருவார். மற்ற நாட்களில் எனக்குத் துணை அந்த அக்காதான்.

அக்காவின் வீட்டுக்காரர் ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் வண்டியில் டிரில்லர். வண்டியோடு வடக்கே போனால் மழைக்காலத்தில்தான் ஊர் திரும்புவார். காலையில் ஒன்றும் பொழுது சாய ஒன்றும் அவருக்கு வீடியோ போயாக வேண்டும். கோழி அடை உட்கார்ந்திருப்பது, கிரைண்டரில் மாவு ஆடுவது, ரேஷன் கடை வரிசை, மாரியம்மன் நோம்பி என்று இடையில் எடுப்பவை அவளாகச் சேர்த்துக்கொண்டவை. ஆனால் அந்தக் காலை வீடியோவும் மாலை வீடியோவும் எப்போதும் ஒரே மாதிரிதான் இருக்கும். முதலில் சுவர்க்கடிகாரம். பிறகு கூடம், சமையற்கட்டு, பின்கதவுத் தாழ்ப்பாள். கடைசியில் குனிந்து கட்டிலுக்கு அடியில் காட்டுவாள். கட்டிலுக்கு அடியில் அப்படி என்ன இருக்கிறதென்று நான் நினைத்துக்கொள்வேன். யாரும் இல்லை என்று காட்டுகிறாள் என்பது பல நாள் கழித்துத்தான் எனக்குப் புரிந்தது.

தெருவில் எல்லோருக்கும் அவள் ஒரு கேலி. எங்கள் தெரு முனையில் ஒரு பெரியவர் இறந்தபோது, ஒப்பாரி வைக்கும் பெண்களுக்கு நடுவே அக்கா போனை நீட்டிக்கொண்டு நின்றாள். இறந்தவருடைய மகன் பாய்ந்து வந்து, "எழவூட்டுல என்ன படப்பிடிப்பு?" என்று போனைப் பிடுங்கிச் சோளத்தட்டுப் போருக்குள் வீசினான். பெண்கள் அழுகையை விட்டுவிட்டுச் சிரித்தார்கள். அக்கா மண்டி போட்டுத் தட்டுகளுக்குள் கையை விட்டுத் துழாவினாள். முழங்கையெல்லாம் சோளத்தோகை அறுத்து ரத்தக் கோடுகள். "புது போன் வாங்கிக்கலாம், விடுங்கக்கா" என்றேன்.

"போனுக்கு இல்லீங்க. பொழுது சாயறதுக்குள்ள இங்கதான் இருந்தேன்னு காட்டோணும் டீச்சர்" என்றாள்.

மழைக்காலம் வந்தது. வீட்டுக்காரர் வந்தார். நான் ஒரு முரட்டு ஆளை எதிர்பார்த்திருந்தேன். வந்தவரோ வெள்ளைச் சட்டையும் வெள்ளை வேட்டியுமாக, "வாங்க டீச்சர், நல்லா இருக்கறீங்களா?" என்று எழுந்து நின்று கேட்கிறவர். அவர் ஊரில் இருந்த நாட்களில் அக்கா இன்னும் அதிகமாகப் படம் எடுத்தாள். அதுதான் எனக்கு விளங்கவில்லை. ஆள் வீட்டிலேயே இருக்கும்போது யாருக்கு அனுப்ப? அவர் சாப்பிடுவது, ஆட்டுக்குட்டிக்குத் தழை போடுவது, நாற்காலியில் சாய்ந்து டீ குடிப்பது எல்லாவற்றையும் எடுத்தாள். அவரும் போனைப் பார்த்தால் தலையைக் கோதிக்கொண்டு சிரிப்பார்.

ஒரு நாள் மதியத்திலிருந்து கரண்ட் இல்லை. நான் பள்ளியிலிருந்து வந்து கதவைத் திறந்ததும் அக்கா ஓடி வந்தாள்.

"டீச்சர், உங்கூட்ல இன்வெர்ட்டர் இருக்குதல்ல? சித்தெ நேரம் இதைச் சார்சுல போடுங்க. செத்துப் போச்சு."

"குடுத்துட்டுப் போங்கக்கா. ஏறினதும் நானே கொண்டுவந்து தர்றேன்."

"இல்லீங்க, நான் இங்கயே நிக்கறேன். கொஞ்சம் ஏறுனாப் போதும்."

அந்தப் பக்கமிருந்து வீட்டுக்காரர் கூப்பிட்டார். அக்கா ஒயரில் தொங்கிய போனையும் சுவரையும் மாறி மாறிப் பார்த்தாள். மறுபடி குரல் வந்தது. போனாள். கொஞ்ச நேரத்தில் சுவருக்கு அப்பால் பாத்திரங்கள் சரிகிற சத்தம். அதற்குப் பிறகு கேட்டது பாத்திரச் சத்தம் இல்லை. நான் ஓடிப்போய்க் கதவைத் தட்டினேன். தட்டிக்கொண்டே இருந்தேன். அவர்தான் திறந்தார். சட்டையில் ஒரு கசங்கல் இல்லை.

"ஒண்ணுமில்லீங்க டீச்சர். பாத்ரூம்ல வழுக்கி உழுந்துட்டா. பாத்து நடன்னாக் கேக்கறதில்லீங்க."

அக்காவின் இடது புருவத்துக்கு மேலே பிளந்திருந்தது. என் ஸ்கூட்டரில் ஏற்றிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனேன். நர்ஸ் கேட்டபோது அக்காவும் பாத்ரூம் என்றே சொன்னாள். தையல் போட்டுத் திரும்பி வரும் வழியில், பின்னால் உட்கார்ந்து என் தோளைப் பிடித்துக்கொண்டு வந்தாள். காதருகே அவளுடைய குரல் வந்தது.

"போன் சார்சு ஏறியிருக்குமா டீச்சர்?"

நான் வண்டியை ஓரமாக நிறுத்தினேன். அங்கேதான் சொன்னாள். "கேமரா ஓடறவரைக்கும் கையோங்க மாட்டாருங்க. ரொம்ப வருசத்துக்கு முந்தி ஒருக்கா, கையத் தூக்குனவரு போனு ஓடறதைப் பாத்துட்டுச் சிரிச்சுட்டாரு. அன்னியோட கண்டுபுடிச்சுட்டேன். வீடியோவுல தான் நல்லவராத் தெரியோணும் அவருக்கு."

அதன் பிறகு அவள் எடுத்த வீடியோக்களை என்னால் பழையபடி பார்க்க முடியவில்லை. எல்லாவற்றிலும் அவர் சிரித்தார். எதிலும் அக்கா இல்லை, குரல் மட்டும்தான். பட்டன் போன் காலத்திலிருந்து எடுத்தவற்றை எல்லாம் ஒரு செல்போன் கடையில் கொடுத்துப் பென் டிரைவில் ஏற்றி வைத்திருந்தாள். ஒரு நாள் கொல்லிமலைக்குப் போன வீடியோவைக் காட்டினாள். மங்கலான படம். அவர் ஒரு கையில் மகள் கோகிலாவைத் தூக்கிக்கொண்டு, மறுகையில் அன்னாசிப்பழத் துண்டைக் கேமராவை நோக்கி நீட்டுகிறார். "இந்தா அம்மணி, சாப்புடு" என்கிறார். கோகிலா கைதட்டிச் சிரிக்கிறாள்.

"எவ்வளவு நல்லா இருக்கு" என்றேன்.

"இதோட முடிஞ்சுருச்சுங்க" என்றாள் அக்கா. "டீக்கடைக்காரரு பாக்கிச் சில்லறை குடுத்தப்ப நான் சிரிச்சுட்டனாம். எறங்கி வரையில ஒரு வளைவுல என்னைய மட்டும் எறக்கி உட்டுட்டு வண்டிய ஓட்டிட்டுப் போயிட்டாரு. கோகிலா அம்மா அம்மான்னு கத்தறது கீழ வளைவு வரைக்கும் கேட்டுது. நான் நடந்தே வந்தேன். பலாப்பழம் ஏத்திட்டு வந்த ஜீப்புக்காரரு ஒருத்தரு பாவம் பாத்து ஏத்திக்கிட்டாரு. அதுக்கு ராத்திரி தனியா வாங்குனேன்."

சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். அந்தச் சிரிப்பில் கசப்பு இருந்தது. அந்தக் கசப்புதான் அவளை நிமிர்த்தி வைத்திருந்தது என்பது எனக்கு அப்போது தெரியாது.

கோகிலா சேலத்தில் அஸ்தம்பட்டிப் பக்கம் ஒரு ரத்தப் பரிசோதனை நிலையத்தில் வேலை செய்தாள். தானே ஒருவரைப் பார்த்துக் கல்யாணம் செய்துகொண்டாள். ஊருக்கு வருவதில்லை. போனில் பேசும்போது கோகிலா எப்போதும் வலது காதில்தான் வைத்துக்கொள்வாள் என்று அக்கா சொல்வாள். இடது காது கேட்காது. பத்தாவது படிக்கும்போது அப்பா ஓங்கி அறைந்ததில் போனது.

பிறகு அந்த விபத்து நடந்தது. வடக்கே எங்கோ ஓர் ஊரில், ரிக்கின் மேலிருந்து குழாய் நழுவி அவருடைய தலையில் விழுந்தது. சேலத்துக்குக் கொண்டுவந்து நீண்ட நாள் வைத்தியம் பார்த்தார்கள். பிழைத்து வீட்டுக்கு வந்தவரிடம் பழைய ஞாபகம் எதுவுமே இல்லை. தன் பெயரையும் அக்காவின் முகத்தையும் அவர் முதலிலிருந்து பழக வேண்டியிருந்தது. புதிய ஞாபகமும் தங்கவில்லை. காலையில் சொன்னது மதியத்துக்கு இருக்காது. "வாயால சொல்றது நிக்காது, திரும்பத் திரும்பக் கண்ணால பாத்தா ஒட்டலாம். பழைய போட்டோ, வீடியோ இருந்தாக் காட்டுங்க" என்று டாக்டர் சொல்லியிருந்தார்.

வீடியோவுக்கா அந்த வீட்டில் பஞ்சம்?

அக்கா பென் டிரைவை டிவியில் செருகினாள். காலையில் இட்லியோடு ஒரு முறை, மதியம் ஒரு முறை, விளக்கு வைத்த பிறகு ஒரு முறை. அவர் நாற்காலியில் உட்கார்ந்து, டிவியில் சிரிக்கும் அந்த மனிதரைப் பார்ப்பார். ஆரம்ப நாட்களில் ஒருமுறை நான் போயிருந்தபோது, "இது யாரு?" என்று கேட்டார்.

"நீங்கதானுங்க" என்றாள் அக்கா.

"நல்லாச் சிரிக்கறனே." வெகுநேரம் பார்த்திருந்துவிட்டுத் திரும்பினார். "உன்னைய நல்லா வச்சிருந்தனா அம்மணி?"

அக்கா என்னைப் பார்த்தாள். "ஆமாங்க" என்றாள். வாசல்வரை என்னோடு வந்து, "வேற என்னன்னு சொல்லட்டும் டீச்சர்? கொழந்தையாட்டம் கேக்கறாரு" என்றாள்.

மெல்ல மெல்ல அவருக்கு ஒரு வாழ்க்கை உண்டானது. கொல்லிமலை, ஆட்டுக்குட்டி, மாரியம்மன் நோம்பி, கோகிலாவைத் தோளில் சுமந்தது எல்லாவற்றையும் தாமே நினைவுகூர்வதுபோல் சொன்னார். சொல்வதெல்லாம் வீடியோவில் தொடங்கிய இடத்தில் தொடங்கி, முடிந்த இடத்தில் முடியும். குரல் மிருதுவாகியிருந்தது. அக்கா தட்டு கொண்டுவந்தால், "நீ சாப்பிட்டியா?" என்று கேட்டார். அப்படி ஒரு கேள்வியை அந்த வீட்டில் யாரும் கேட்டதில்லை.

அக்காவும் பக்கத்தில் உட்கார்ந்து நாளெல்லாம் பார்த்தாள். முதலில் அவருக்காகப் பார்த்தாள். எப்போது தனக்காகப் பார்க்க ஆரம்பித்தாள் என்று எனக்குத் தெரியவில்லை. ஒரு நாள் அவரே கொல்லிமலைக் கதையைச் சொல்ல, அக்கா, "அன்னாசிப் பழம் தேனாட்டம் இருந்துச்சுங்க. சந்தோசமா ஊடு வந்து சேந்தோம்" என்றாள். சமையற்கட்டுக்குள் போனதும் நான் மெதுவாக, "ஏங்கக்கா, அன்னிக்கு நடந்துதானே வந்தீங்க?" என்றேன்.

"நடந்தா? கொல்லிமலையிலிருந்தா?" வெங்காயம் அரிந்த கை நின்றது. "யாரு சொன்னா?"

"நீங்கதானே சொன்னீங்க. இறக்கி விட்டுட்டுப் போயிட்டார், பலாப்பழ ஜீப்புல வந்தேன்னு."

என் முகத்தைக் கூர்ந்து பார்த்தாள். பொய் சொல்கிற பார்வை அல்ல அது. தேடிப் பார்க்கிற பார்வை. "இல்லீங்க டீச்சர். வேற யாரோ சொன்னதை நெனச்சுட்டுப் பேசறீங்க" என்று மறுபடி வெங்காயத்தை அரியத் தொடங்கினாள்.

"அப்பா மாறிட்டாரு, உன்னையத்தான் கேட்டுட்டே இருக்கறாரு. ஒருக்கா வந்துட்டுப் போ சாமி" என்று அக்கா போனில் கெஞ்சிக் கெஞ்சி, கடைசியில் கோகிலா கைக்குழந்தையோடு வந்தாள். அக்கா என்னையும் கூப்பிட்டிருந்தாள். அவர் பேத்தியை மடியில் வாங்கிக்கொண்டு அழுதார். டிவியில் வீடியோ ஓடிக்கொண்டிருந்தது.

"பாரு கோகிலா, உன்னையத் தோள்மேல வெச்சுட்டு நோம்பிக்குப் போறேன். ஞாபகம் இருக்குதா?"

கோகிலா திரையைப் பார்த்தாள். பிறகு அவர் பக்கம் வலது காதைத் திருப்பி, "இன்னொருக்கா சொல்லுங்க. இந்தப் பக்கம் எனக்குக் கேக்காது" என்றாள்.

"ஏனு சாமி? காதுக்கு என்னாச்சு?" என்று அவர் பதறினார்.

கோகிலா தன் அம்மாவைப் பார்த்தாள். "அம்மா, நீ சொல்லு."

"சின்னதுல உனக்குக் காதுல சீழ் வடியுமல்ல சாமி. அதுல போனதுதானே" என்றாள் அக்கா. இயல்பாகச் சொன்னாள்.

"சீழா?" கோகிலாவின் குரல் உடைந்தது. "உன்ற நெத்தியில அந்தத் தழும்பு?"

"பாத்ரூம்ல வழுக்கி உழுந்தேன். டீச்சருதான் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனாங்க."

"டீச்சர், நீங்க சொல்லுங்க."

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் சொன்னேன். கரண்ட் போனதிலிருந்து, சுவருக்கு இந்தப் பக்கம் எனக்குக் கேட்டதுவரை சொன்னேன். கொல்லிமலையையும் சொன்னேன்.

அவர் குழந்தையைக் கோகிலாவிடம் கொடுத்துவிட்டு எழுந்தார். "நானா? நான் அடிச்சனா?" திகைப்பில் குரல் உயர்ந்தது. "நானா அம்மணி?" என்று அக்காவை நோக்கி ஓரடி வைத்தார்.

அக்காவின் கை மேசைமேல் இருந்த போனை எடுத்தது. முகத்துக்கு நேராக உயர்த்தியது. சிவப்புப் பொட்டு எரிந்தது. அவள் தன்னை அறியாமல், "இப்ப பாருங்க, எல்லாரும் ஊட்லதான் இருக்கறோம், நானும் இங்கதான் நிக்கறனுங்க" என்று பேசத் தொடங்கினாள்.

"அம்மா, அதைக் கீழ வை" என்று கோகிலா அழுதாள்.

அக்கா தன் கையிலிருந்த போனை யாருடையதோ போலப் பார்த்தாள். பிறகு தரையில் உட்கார்ந்துவிட்டாள். கோகிலா அடுத்த பஸ்ஸுக்கே கிளம்பிவிட்டாள்.

மறுநாள் காலையில் அவர் வாசலில் உட்கார்ந்து, "டீச்சர், நல்லா இருக்கறீங்களா? என்ற புள்ள கோகிலா வருவான்னு சொல்றாங்க" என்று சிரித்தார். முந்தைய நாள் மொத்தமும் அவரை விட்டுப் போயிருந்தது. அது முழுக்க அக்காவின்மேல் இறங்கியிருந்தது.

"ஒண்ணொண்ணா வருது டீச்சர்" என்றாள். பாத்திரம் கழுவும்போது, துணி காயப்போடும்போது, திடீரென்று நிற்பாள். "கோகிலா வயித்துல இருக்கையில ஒருக்கா ஒதைச்சாரு. அதையும் மறந்திருந்தனே, எப்படிங்க?" மறந்ததை நினைத்துத்தான் அதிகம் அழுதாள். "கேக்கறதுக்கும் ஆளில்ல. அடிச்ச ஆளு போயிட்டான். இங்க உக்காந்திருக்கறவரு வேற யாரோ" என்றாள்.

ஆனாலும் அவள் கேட்டாள். நான் இருக்கும்போதே ஒரு நாள், கொல்லிமலை வீடியோவைப் பார்த்து அவர் குதூகலமாக அவளைக் கூப்பிட்டார். அக்கா நிலைப்படியில் நின்று, "அன்னிக்கி நீங்க என்னைய எறக்கி உட்டுட்டுப் போயிட்டீங்க" என்றாள்.

"அப்படியா? ஏனு?"

"டீக்கடைக்காரரைப் பாத்துச் சிரிச்சேன்னு."

அவர் முகம் வாடியது. "அடப் பாவமே. எவ்ளோ தூரம் நடந்த? கால் வலிச்சிருக்குமே." கண்ணில் நீர் வழிந்தது. "தப்புப் பண்ணிட்டேன் அம்மணி. மன்னிச்சுரு." நெஞ்சிலிருந்து வந்த பேச்சு அது. அக்கா அந்த வார்த்தைக்காக எத்தனை வருடம் காத்திருந்தாளோ, தூணைப் பிடித்துக்கொண்டு நின்றாள். நான் வீட்டுக்குப் போய் விளக்கேற்றிவிட்டுத் திரும்பி வந்தேன். அதே வீடியோ ஓடியது. அதே சிரிப்போடு, "அம்மணி, இங்க வா, நாம கொல்லிமலைக்குப் போனது பாரு" என்று கூப்பிட்டார்.

தினமும் சொன்னாள். தினமும் அவர் அழுதார். தினமும் துடைத்ததுபோல் போனது. "ஒருக்கா மன்னிப்புக் கேட்டாப் போதும்னு இருந்தேன். இது ஓட்டைக் கொடத்துல தண்ணி ஊத்தறதாட்டம் இருக்குது" என்றாள்.

அப்போதுதான் அவளுக்கு அந்த யோசனை வந்தது. பார்த்தது ஒட்டும் என்று டாக்டர் சொல்லியிருந்தாரே. அவர் மன்னிப்புக் கேட்பதைப் படமெடுத்தாள். கோகிலாவுக்கு அனுப்பவும் அவருக்கே திரும்பத் திரும்பக் காட்டவும். அந்த வீடியோவை நானும் பார்த்தேன். அவர் விசும்பி விசும்பி அழுகிறார். கேமராவுக்குப் பின்னாலிருந்து அக்காவின் குரல் வருகிறது. "சொல்லுங்க. இன்னொருக்கா சொல்லுங்க. கோகிலாவுக்குக் கேக்கறாப்பல சத்தமாச் சொல்லுங்க." அவர் கும்பிடுகிறார். "தப்புத்தான், தப்புத்தான்" என்கிறார். என்ன தப்பு என்று அதில் இல்லை.

கோகிலா பதில் அனுப்பவில்லை. என்னைக் கூப்பிட்டாள். "இதுலயும் அப்பா பாவமாத்தான் தெரியறாரு டீச்சர். அம்மாதான் கொடூரமாத் தெரியறா. இதை யாருக்கும் காட்ட வேண்டாம்னு சொல்லுங்க" என்றாள். சொன்னேன். அக்கா கேட்கவில்லை. டிவியில் போட்டுப் போட்டுக் காட்டினாள். டாக்டர் சொன்னது பலித்தது. அவருக்கு அந்த அழுகை ஒட்டிக்கொண்டது.

ஒரு நாள் திரையில் அழும் தன்னையே பார்த்து அவர் கேட்டார். "இவரு ஏன் அழுவறாரு?" பிறகு மெதுவாகத் திரும்பி, அக்காவின் கைகளைப் பார்த்தார். "என்னைய யாரு அடிச்சா? நீயா அம்மணி?"

அன்றிலிருந்து அவள் தட்டை எடுக்கக் கையை நீட்டினால் அவர் முகத்தை மறைத்துக்கொண்டார். மோகனூரில் கரும்பு விவசாயம் செய்கிற அவருடைய தம்பி, அண்ணனைப் பார்க்க வந்திருந்தபோது அதைக் கண்டார். அண்ணன் அவர் காதோடு, "என்னைய அழுக வெக்கறாப்பா" என்றார். தம்பி அக்காவின் போனை வாங்கிப் பார்த்தார். வீடியோ கிடைத்தது.

"சீக்காளி மனுசனைக் கும்புட வெச்சுப் படம் புடிச்சிருக்கறயே, நீயெல்லாம் பொம்பளையா?" என்று தெருவே கேட்கும்படி கத்தினார். நான் இடையில் போய் எவ்வளவோ சொன்னேன். "என்ற அண்ணன் எப்படி வெச்சிருந்தாருன்னு அத்தனை வீடியோவுலயும் இருக்குதுங்க டீச்சர். நாங்க பாக்காததா?" என்றார். அன்றே அண்ணனைக் காரில் ஏற்றிக்கொண்டு போய்விட்டார். அந்த வீடியோ ஒறம்பரை சொந்தபந்தங்களின் வாட்ஸ்அப்பில் ஊர் ஊராகப் போனது.

சில நாள் கழித்துக் கோகிலா வந்து அக்காவை அஸ்தம்பட்டிக்குக் கூட்டிக்கொண்டு போனாள். பென் டிரைவை எடுத்துப் போகவில்லை. போனையும் கோகிலாவிடம் கொடுத்துவிட்டாளாம்.

அதற்கடுத்த மழைக்காலத்தில் மகளுடைய போனிலிருந்து பேசினாள். "போயிட்டாராமா டீச்சர். கோகிலா வரமாட்டேங்கறா. நீங்க கூட வாரீங்களா?"

நாமக்கல் பஸ் ஸ்டாண்டில் சந்தித்து, மோகனூர் பஸ் ஏறினோம். கூட்டம். அக்காவுக்கு ஜன்னலோரம் இடம் கிடைத்தது. நான் எதிர் சீட்டில் உட்கார்ந்தேன். அவளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்த ஒரு நடுவயதுப் பெண்ணும் அதே எழவுக்குத்தான் போகிறாள் என்பது பேச்சில் தெரிந்தது. தம்பியின் மனைவி வழியில் தூரத்து உறவாம். அக்காவை அவளுக்குத் தெரியவில்லை.

"அந்த மனுசனைப் பொண்டாட்டி என்ன பாடு படுத்தியிருக்கறா தெரியுமுங்களா? வீடியோவே இருக்குது" என்று போனை எடுத்தாள். அக்காவின் மடிக்கு நேரே பிடித்துப் போட்டுக் காட்டினாள். அழுகைச் சத்தம் பஸ்ஸில் கேட்டது. சொல்லுங்க, இன்னொருக்கா சொல்லுங்க என்ற குரலும் கேட்டது. நான் எழப்போனேன். அக்கா வேண்டாம் என்பதுபோல் என்னைப் பார்த்தாள். கடைசிவரை கண் எடுக்காமல் பார்த்தாள்.

"மூஞ்சியக் காட்டுதா பாருங்க, பாதகத்தி. கொரல் மட்டுந்தான் வருது" என்றாள் அந்தப் பெண். "ஆமா, நீங்க அவங்களுக்கு என்ன வேணுமுங்க?"

அக்கா புடவைத் தலைப்பை இழுத்துத் தோளில் போட்டுக்கொண்டாள்.

"அந்தக் கொரல் என்னோடதுதானுங்க" என்றாள்.

அந்தப் பெண் போனைக் கவிழ்த்தாள். கண்டக்டர் மோகனூர் மோகனூர் என்று கூவி விசில் ஊதினார். நாங்கள் இறங்கினோம். தாரை தப்பட்டைச் சத்தம் அங்கேயே கேட்டது. தெருவுக்குள் திரும்பும் இடத்தில் ஆட்கள் எங்களைப் பார்த்துப் பேச்சை நிறுத்தினார்கள். நான் தயங்கினேன். அக்கா எனக்கு முன்னால் நடந்தாள்.